குத்தூசி நத்தை: சருகுக்குள் வாழும் ஒரு சிறு நத்தையைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வடகிழக்குப் பருவமழை பிடித்து நான்கைந்து நாள் ஆனதும், மாடித்தோட்டம் வைத்திருக்கும் நண்பர்களும், விடுமுறை நாள்களில் என்னோடு மரம் பார்க்க வரும் பிள்ளைகளின் பெற்றோரும் கைப்பேசியில் அனுப்பும் படங்களில் பெரும்பாலானவை ஒரே உயிரைக் காட்டுகின்றன. தொட்டி மண்ணின் மேலே, நெல்மணி அளவில், நீண்டு கூர்ந்த ஓட்டோடு ஒன்று ஊர்ந்துகொண்டிருக்கும். படத்துக்குக் கீழே வரும் கேள்வியும் பெரும்பாலும் ஒன்றுதான்: "இது ஆப்பிரிக்க நத்தைக் குட்டியா? உப்புப் போட்டுவிடட்டுமா?" முதல் கேள்விக்கு விடை 'இல்லை', இரண்டாவதற்கு விடை 'வேண்டாம்'. ஒவ்வோர் ஆண்டும் தனித்தனியே எழுதி அலுத்துப்போனதால், ஏன் இல்லை, ஏன் வேண்டாம் என்பதையும், அதை ஒட்டி எழும் மற்றக் கேள்விகளையும் இங்கே ஒருசேர எழுதிவைக்கிறேன்.

இந்த நத்தையின் பெயர் என்ன?

அறிவியல் பெயர் அலோபியாஸ் கிராசிலே. வங்காளப் படையில் பணியாற்றிய தாமஸ் ஹட்டன் என்ற ஆங்கிலேய அதிகாரி, கங்கைக் கரையில் உள்ள மிர்சாபூரில் கிடைத்த ஓடுகளைக் கொண்டு 1834-இல் வங்காள ஆசியக் கழகத்தின் இதழில் இதை முதன்முதலாக விவரித்தார். அவர் வைத்த பெயர் புலிமஸ் கிராசிலிஸ். பின்னால் வந்தவர்கள் இதை ஒரு பேரினத்திலிருந்து இன்னொரு பேரினத்துக்கு மாற்றிக்கொண்டே இருந்தார்கள்; ஆனால் 'ஒடிசலான' என்று பொருள்படும் இரண்டாம் பகுதி மட்டும் இருநூறு ஆண்டுகளை நெருங்கியும் நிலைத்துவிட்டது. முதல் பகுதியில் ஒளிந்திருக்கும் 'ஓபியாஸ்' என்ற கிரேக்கச் சொல்லுக்குச் செருப்புத் தைப்பவர் பயன்படுத்தும் குத்தூசி என்று பொருள். தமிழில் எல்லாவற்றையும் நத்தை என்றே சொல்லிப் பழகிவிட்டோம். இதற்கென்று தனிப்பெயர் வழக்கில் இல்லாததால், அந்தக் கிரேக்கச் சொல்லையே பிடித்துக்கொண்டு இங்கே குத்தூசி நத்தை என்று எழுதுகிறேன். ஓட்டைக் கையில் எடுத்துப் பார்த்தவர்கள் இந்தப் பெயரை மறுக்கமாட்டார்கள்.

ஆப்பிரிக்கப் பெரு நத்தையின் குஞ்சிலிருந்து இதை எப்படி வேறுபடுத்துவது?

இதுதான் உண்மையில் தெரிந்துகொள்ள வேண்டிய கேள்வி. ஏனென்றால் இதற்கு விடை தெரியாமல், பயிரைத் தின்று கெடுக்கும் பெரு நத்தை என்று எண்ணிக் கொல்லப்படும் குத்தூசி நத்தைகள் ஏராளம்.

வளர்ந்த குத்தூசி நத்தையின் ஓடு ஏறக்குறைய 10 மில்லிமீட்டர் உயரமும் 3 மில்லிமீட்டர் அகலமும் கொண்டது. அந்தச் சிறிய உயரத்துக்குள் ஏழு அல்லது எட்டுச் சுற்றுகள் அடங்கியிருக்கும். பெரு நத்தையின் குஞ்சு முட்டையிலிருந்து வெளிவரும்போதே 4 அல்லது 5 மில்லிமீட்டர் இருக்கும். ஆனால் அது உருண்டையாக, வயிறு புடைத்த குடம்போல இருக்கும், சுற்றுகளும் இரண்டு மூன்றுக்கு மேல் இருக்காது. ஆகவே நீளத்தை அளப்பதை விட்டுவிட்டுச் சுற்றுகளை எண்ண வேண்டும். ஒரு சென்டிமீட்டர் நீளமுள்ள ஓட்டில் ஏழு சுற்று இருந்தால் அது வளர்ந்து முடிந்த சிறு நத்தை. இனி அது பெரிதாகப் போவதில்லை. அதே நீளத்தில் மூன்றரை, நான்கு சுற்றோடு அகன்ற ஓடு இருந்தால், வளரப் போகிற ஒன்றைப் பார்க்கிறீர்கள்.

நிறமும் உதவும். குத்தூசி நத்தையின் ஓடு மெல்லியது, ஒளி ஊடுருவுவது, தேன் கலந்த நீரின் மஞ்சள் நிறம் கொண்டது. அதில் கோடோ பட்டையோ இல்லை. உள்ளே இருக்கும் உடலின் வெளிர்மஞ்சளும், மேல்சுற்றுகளில் சீரணச் சுரப்பியின் பழுப்பும் ஓட்டின் வழியே தெரியும். பெரு நத்தையின் ஓட்டில் சிறு வயதிலேயே பழுப்பு நிறத் தீற்றல்கள் மேலிருந்து கீழாக ஓடத் தொடங்கிவிடும். செத்துப்போன குத்தூசி நத்தையின் ஓடு வெயிலில் வெளுத்துச் சுண்ணாம்பு வெள்ளையாகிவிடும் என்பதால், மண்ணில் கிடக்கும் வெள்ளை ஓடுகளை வேறோர் இனம் என்று எண்ணிவிடக் கூடாது.

ஒரு வேடிக்கையான தொடர்பும் உண்டு. கிழக்கு ஆப்பிரிக்காவைச் சேர்ந்த பெரு நத்தையை 1847-இல் மொரிசியசிலிருந்து கொண்டுவந்து கல்கத்தாவில் இறக்கியவர் டபிள்யூ. எச். பென்சன் என்ற ஆட்சிப்பணி அதிகாரி. அவரே பெரிய நத்தை அறிஞரும்கூட. குத்தூசி நத்தைக்குப் பெயர் வைத்த ஹட்டனும் இந்தப் பென்சனும் சேர்ந்து மேற்கு இமயமலை நத்தைகளைப் பற்றி 1838-இல் கட்டுரை எழுதியிருக்கிறார்கள். ஒருவர் பெயரிட்ட சிறியதை இன்னொருவர் கொண்டுவந்த பெரியது என்று நினைத்து நாம் மிதித்துக்கொண்டிருக்கிறோம்.

சென்னையில் இது எங்கெல்லாம் இருக்கிறது?

சருகும் ஈரமும் நிழலும் சேர்ந்திருக்கும் இடமெல்லாம் தேடலாம். கிண்டி தேசியப் பூங்கா, நன்மங்கலம் காப்புக்காடு, வண்டலூர்க் காடு ஆகியவை சோழமண்டலக் கரைக்கே உரிய உலர் பசுமைமாறாக் காட்டின் எச்சங்கள். களா, காரை, பனை என்று முள்ளும் மரமும் நெருங்கி வளர்ந்த இக்காடுகளில் மரங்கள் உயரமில்லை. ஆனால் புதரடியில் சருகு கெட்டியாகப் படிந்திருக்கும். மேல்சருகு காய்ந்து நொறுங்கும். அதற்கடியில் ஒன்றோடொன்று ஒட்டிய கறுத்த இலைகள், அவற்றின் இடையே வெள்ளை நூலாகப் படர்ந்த பூஞ்சை, அதற்கும் அடியில் மக்கிப் பொடியான மண். சிறு நத்தைகளின் உலகம் அந்த இரண்டாம் அடுக்குக்கும் மூன்றாம் அடுக்குக்கும் இடையில் இருக்கிறது. நான்கு விரல்கடை ஆழத்துக்குள் எல்லாம் முடிந்துவிடும்.

கிண்டிப் பூங்காவின் பரப்பு சுமார் 2.7 சதுர கிலோமீட்டர். 1978-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. அங்கிருந்து ஓர் ஓட்டைக்கூட எடுத்துவர 1972-ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டம் இடம் தருவதில்லை என்பதைப் பிள்ளைகளை அழைத்துச் செல்பவர்கள் முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது.

ஆனால் குத்தூசி நத்தையைப் பார்க்கக் காட்டுக்குப் போகத் தேவையில்லை. மனிதன் கலைத்துப்போட்ட இடத்தோடு எளிதில் ஒத்துப்போகும் இயல்பு இதற்கு உண்டு. நாற்றங்கால் பைகள், கோயில் நந்தவனத்து வாழையடி, கிணற்றடியில் அடுக்கிய செங்கல், குளிர்சாதனப் பெட்டியின் நீர் சொட்டும் சுவரோரம் என்று எல்லா இடத்திலும் வாழும். எங்கள் வீட்டு மாமரத்தடியில் ஒரு பழைய அம்மிக்கல் கிடக்கிறது. சென்ற கார்த்திகையில் அதைப் புரட்டியபோது, அடியில் அப்பியிருந்த மண்ணில் ஒரு சாண் அகலத்துக்குள் பதினேழு குத்தூசி நத்தைகளை எண்ணினேன். அதே தோட்டத்தில் கூட்டிப் பெருக்கி வெறுந்தரையாக வைத்திருந்த பகுதியில் ஒன்றும் இல்லை.

கோடையில் இவை எங்கே போய்விடுகின்றன?

எங்கும் போவதில்லை. சென்னைக்கு ஆண்டில் கிடைக்கும் சுமார் 1,400 மில்லிமீட்டர் மழையில் பாதிக்கு மேல் அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான மூன்று மாதங்களில் கொட்டிவிடுகிறது. மீதி மாதங்களில் நிலத்தில் வாழும் நத்தைக்கு இந்த ஊர் கடினமான ஊர்தான். நத்தையின் உடல் பெரும்பாலும் நீர். ஊர்வதற்கே சளியாக நீரைச் செலவழிக்க வேண்டும். எனவே மண் காயத் தொடங்கியதும் அது மண்ணுக்குள்ளோ, கல்லின் அடியிலோ, தொட்டியின் அடித்துளைக்குள்ளோ ஒடுங்கி, உடலை உட்சுற்றுகளுக்குள் இழுத்துக்கொண்டு, ஓட்டின் வாயில் சளியைப் படலமாக விரித்து உலரவிட்டு மூடிக்கொள்கிறது. அதன் பிறகு மூச்சும் இதயத்துடிப்பும் மிகவும் தணிந்துவிடும். கத்திரி வெயிலில் தொட்டி மண்ணை மாற்றும்போது உயிரற்றவை என்று நினைத்து நாம் கொட்டும் ஓடுகளில் சில இப்படி உறங்குபவை. ஐயம் இருந்தால் ஓர் ஓட்டை ஈரத்துணியில் வைத்து ஓரிரவு விட்டுப் பாருங்கள். உயிர் இருந்தால் காலைக்குள் கொம்பு நீட்டிவிடும்.

மழை மிகையாகிவிட்டாலும் தொல்லைதான். நிலநத்தைகள் நுரையீரலால் மூச்சு விடுபவை. நீரில் மூழ்கினால் இறந்துவிடும். தண்ணீர் தேங்கிய இரவுக்கு மறுநாள் காலையில் இவை சுவரில் வரிசையாக ஏறி நிற்பது படையெடுப்பு அல்ல, தப்பிப்பு.

ஓட்டுக்குள் வெள்ளையாக மணிமணியாகத் தெரிகிறதே, அது நோயா?

இல்லை, முட்டைகள். 'நத்தையின் வயிற்றிலும் முத்துப் பிறக்கும்' என்று பழமொழி சொல்கிறது. முத்து பிறப்பது சிப்பியில் என்று பள்ளியில் திருத்துவார்கள். ஆனால் பழமொழியைச் சொன்னவர் மழைக்காலத்தில் இந்த நத்தையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்திருந்தால் அவரை நான் குறை சொல்லமாட்டேன். கடைசிச் சுற்றிலும் அதற்கு முந்தைய சுற்றிலுமாக நான்கு, ஐந்து வெண்மணிகள், ஒவ்வொன்றும் கடுகை விடச் சிறியவை, ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்ததுபோல ஓட்டின் வழியே தெளிவாகத் தெரியும். முட்டைக்குச் சுண்ணாம்பு ஓடு இருப்பதால்தான் அந்த வெண்மை.

நத்தை முட்டைகளைச் சிறிது காலம் உடலுக்குள் வைத்திருந்து, பிறகு ஈர மண்ணில் இடுகிறது. பெரு நத்தை ஒரே தடவையில் நூற்றுக்கும் மேற்பட்ட முட்டைகளை இடுவது. இதுவோ விரல்விட்டு எண்ணக்கூடிய சிலவற்றை மட்டும் இடுகிறது. ஆண், பெண் என்று தனித்தனி இல்லை. ஒவ்வொரு நத்தையும் இருபால் உறுப்புகளும் உடையது. இந்தக் கூட்டத்தைச் சேர்ந்த சிறு நத்தைகள் பலவற்றில், இணையே இல்லாமல் தனித்து வளர்ந்த ஒன்றே முட்டையிட்டுக் குஞ்சு பொரிப்பது கண்டறியப்பட்டிருக்கிறது. ஒரு தொட்டியில் ஒன்று வந்தால் அடுத்த மழைக்குள் ஒரு குடும்பம் ஆகிவிடுவதற்கு இதுவே காரணம்.

இது என்ன தின்கிறது? செடியைக் கெடுக்குமா?

மக்கும் இலை, பாசி, பூஞ்சை ஆகியவைதான் முதன்மையான உணவு. நத்தையின் வாயில் அரம்போன்ற நாக்கு ஒன்று உண்டு. நுண்ணிய பற்கள் வரிசை வரிசையாகப் பதிந்த அந்த நாக்கால் பரப்பைச் சுரண்டித் தின்கிறது. பாசி படிந்த மதில்சுவரில் வளைந்து வளைந்து போகும் கோலம்போன்ற வெளிறிய தடத்தைப் பார்த்திருந்தால், அது ஏதோ ஒரு நத்தை இரவெல்லாம் மேய்ந்த வழி. சுண்ணாம்பு அடித்த பழைய சுவர்களையும் நத்தைகள் சுரண்டும். ஓடு கட்ட அவற்றுக்குச் சுண்ணாம்புச் சத்து வேண்டும்.

முளைவிட்டு இரண்டே இலையோடு நிற்கும் நாற்றுகளைக் குத்தூசி நத்தை சில வேளை கடிக்கும் என்பதை மறைக்க வேண்டியதில்லை. நாற்றங்கால் வைத்திருப்பவர்கள் தட்டுகளைத் தரையிலிருந்து உயர்த்தி வைத்து, மாலையில் நீர் ஊற்றுவதைக் காலைக்கு மாற்றினாலே பெரும்பாலும் போதும். இரவில் மேல்மண் உலர்ந்திருந்தால் அவை மேலே வருவதில்லை. வளர்ந்த கத்தரிக்கும் வெண்டைக்கும் இவற்றால் எந்தக் கேடும் இல்லை. இலையில் பெரிய ஓட்டை விழுந்திருந்தால் குற்றவாளி வேறெங்கோ இருக்கிறது. ஒரு விளக்கை எடுத்துக்கொண்டு இரவு ஒன்பது மணிக்கு மேல் போய்ப் பாருங்கள்.

உப்பு, நத்தை மருந்து ஆகியவற்றைப் பயன்படுத்தலாமா?

உப்பு, நத்தையின் உடல்நீரை உறிஞ்சி அதைத் துடிக்கத் துடிக்கக் கொல்கிறது. அத்தோடு தொட்டி மண்ணையும் கெடுக்கிறது. கடற்கரையை ஒட்டிய பகுதிகளில் கிணற்றுநீரே உப்பேறிக் கிடக்கும்போது, மேலும் உப்பை நாமே மண்ணில் கொட்டுவது எதற்கு என்று புரியவில்லை. மெட்டால்டிகைடு கலந்த குருணை மருந்து நாய்களுக்குக் கொடிய நஞ்சு. தெருநாய்கள் உலவும் இடத்தில் அதைத் தூவுவதை எந்த நிலையிலும் நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். பெரு நத்தை உண்மையாகவே பெருகியிருந்தால், கையுறை போட்டு இரவில் பொறுக்குவதும், முட்டைக் குவியல்களைத் தோண்டி எடுப்பதும்தான் பயன் தரும் வழி. மருந்துதான் வேண்டும் என்றால் ஃபெரிக் பாஸ்பேட் குருணை ஒப்பளவில் தீங்கு குறைந்தது. குத்தூசி நத்தைக்கு இவை எதுவும் தேவையில்லை.

இதனால் மனிதருக்கு நோய் வருமா? நத்தைக்கறி சாப்பிடுகிறார்களே?

தமிழ்நாட்டில் கறியாகச் சமைப்பதும், மூலத்துக்கு நல்லது என்று சொல்லித் தேடி வாங்குவதும் வயலிலும் குளத்திலும் வாழும் நன்னீர் நத்தையை. அதற்கும் தோட்டத்து நத்தைக்கும் தொடர்பில்லை. தோட்டத்து நத்தைகளைத் தின்னக் கூடாது. எலியின் நுரையீரல் இரத்தக் குழாய்களில் வாழும் ஒருவகைப் புழுவின் இளம்பருவம் நிலநத்தைகள் பலவற்றின் உடலில் வளர்கிறது; அந்த நத்தையைப் பச்சையாகவோ சரியாக வேகாமலோ தின்றாலும், நத்தை ஒட்டியிருந்த கீரையைக் கழுவாமல் தின்றாலும் அது மனித மூளையைச் சூழ்ந்த உறைகளில் அழற்சியை உண்டாக்கும். ஆகவே மாடித்தோட்டத்துக் கீரையை இலை இலையாகப் பிரித்து இரண்டு மூன்று தண்ணீரில் அலசுவதும், நத்தையைத் தொட்ட கையைச் சோப்புப் போட்டுக் கழுவுவதும் கட்டாயம். இதற்கு மேல் அஞ்ச வேண்டியதில்லை. இது கடிக்காது, கொட்டாது. இதன் சளி தோலில் பட்டால் கழுவினால் போகும்.

நத்தைக்குக் கண், காது, மூக்கு உண்டா?

தொல்காப்பிய மரபியல் உயிர்களை அறிவின் எண்ணிக்கையால் வகுக்கும்போது 'நந்தும் முரளும் ஈரறிவினவே' என்கிறது. நந்து என்பது நத்தை. முரள் என்பது சிப்பி வகை. தொடு உணர்வும் சுவை உணர்வும் கொண்டவை என்பது பொருள். மூக்கறிவு அடுத்த படியில் எறும்புக்கும் கறையானுக்கும் வைக்கப்படுகிறது. இரண்டாயிரம் ஆண்டுக்கு முன்னரோ பின்னரோ, மெல்லுடலிகள் இரண்டையும் ஒரே வகுப்பில் வைத்த அந்தக் கண் கூர்மையான கண் என்பதில் எனக்கு ஐயமில்லை.

ஆயினும் இன்றைய கணக்கில் நத்தைக்கு இன்னும் கொஞ்சம் கூட்டித் தர வேண்டும். நத்தையின் தலையில் இரண்டு இணைக் கொம்புகள் உண்டு. மேலுள்ள நீண்ட கொம்புகளின் நுனியில் கரும்புள்ளியாகக் கண் இருக்கிறது; வெளிச்சம் எது, நிழல் எது என்று அறிய அது போதும், உருவங்களைத் தெளிவாகக் காண்பதற்கு அன்று. அதே கொம்புகள் காற்றில் வரும் மணத்தையும் அறிகின்றன. கீழுள்ள குட்டைக் கொம்புகள் தரையைத் தொட்டுத் தொட்டு மணமும் சுவையும் பார்க்கின்றன. மூக்கு என்று தனி உறுப்பு இல்லாவிட்டாலும் நத்தையின் வாழ்க்கையை நடத்துவது மணம்தான். காது இல்லை. குத்தூசி நத்தையின் கொம்பை உருப்பெருக்கிக் கண்ணாடி வழியே பார்த்தால், கண்ணின் கரும்புள்ளி கொம்புக்குள் இழுக்கப்பட்டு மறுபடி நுனிக்கு ஏறுவதைக் காணலாம். கையுறையின் விரல் உட்புறமாக மடிந்து வெளியே வருவதுபோல இருக்கும்.

இது நம் நாட்டு நத்தைதானா?

முதலில் விவரிக்கப்பட்டது இந்தியாவில் என்பதைச் சொன்னேன். இன்று இது ஆசியா, ஆப்பிரிக்கா, அமெரிக்கா, பசிபிக் தீவுகள் என்று வெப்பமண்டலம் முழுவதும் பரவிக் கிடக்கிறது. தானாக நடந்து போகவில்லை. கன்றுகளின் வேரில் ஒட்டிய மண்ணோடு மனிதன் சுமந்து போனான். அதுவும் கப்பலும் விமானமும் வந்த பிறகு மட்டும் அல்ல. ஹவாயின் ஓவாகு தீவு உட்படப் பசிபிக் தீவுகள் சிலவற்றில், ஐரோப்பியர் காலடி வைப்பதற்கு முந்தைய மண்ணடுக்குகளிலேயே இதன் ஓடுகள் கிடைத்திருக்கின்றன. சேப்பங்கிழங்கு முதலிய நடவுப் பயிர்களைத் தோணிகளில் ஏற்றிக் கடல் கடந்த பாலினேசியக் குடிகளோடு இந்த நத்தையும் போயிருக்கிறது என்று தொல்லியலார் முடிவு செய்கிறார்கள். ஆகவே ஓரடுக்கில் இந்த ஓடு கிடைத்தால் அங்கே மனிதன் பயிர் செய்யத் தொடங்கிவிட்டான் என்பதற்கு அது ஓர் அடையாளம். நீங்கள் சாலையோர நாற்றுப்பண்ணையில் வாங்கிவந்த செம்பருத்திப் பையிலும் அதே பயணம்தான் நடந்திருக்கிறது.

சென்னையில் வேறு சிறு நத்தைகளும் இருக்கின்றனவா?

இருக்கின்றன, இந்தியாவில் நிலநத்தை இனங்கள் ஆயிரத்துக்கும் மேல். மழைக்காலத்தில் தோட்டத்தில் மிகுதியாகத் தென்படும், தட்டையாகச் சுருண்ட, எட்டணா நாணயத்தைவிடச் சற்றுப் பெரிய பழுப்பு நத்தை கிரிப்டோசோனா பைஸ்ட்ரியாலிஸ். வெண்ணிற உருண்டை ஓட்டில் கரும்பட்டைகள் ஓடும் டிராக்கியா விட்டாட்டா, நம் சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலேறிப் போன ஓடுகளைக் கொண்டு டென்மார்க்கு அறிஞர் ஓ. எஃப். முல்லர் 1774-இல் பெயரிட்டது. அழகில் அதை மிஞ்ச இந்த ஊரில் வேறு நத்தை இல்லை என்பது என் கட்சி.

குளியலறையில் ஓடில்லாமல் ஊர்வது நத்தையா, அட்டையா?

ஓடில்லா நத்தை. இரத்தம் குடிக்கும் அட்டைக்கும் அதற்கும் உறவில்லை. ஒரு காகிதத்தில் ஏந்தி வெளியே விட்டுவிடலாம்.

இவ்வளவு சிறிய உயிர் இல்லாவிட்டால் என்ன குறைந்துவிடும்?

நத்தையின் ஓடு காட்டில் சுற்றிவரும் சுண்ணாம்புச் சத்தின் சேமிப்பு. நெதர்லாந்து நாட்டின் காடுகளில் அமில மழையால் மண்ணின் சுண்ணாம்புச் சத்து கரைந்துபோனது, நத்தைகள் குறைந்தன, அதன் விளைவாக அங்கே பட்டாணிக்குருவிகள் மெல்லிய ஓடுள்ள, சில வேளை ஓடே இல்லாத முட்டைகளை இட்டன. புழுவிலும் விதையிலும் கிடைக்காத சுண்ணாம்பை அந்தப் பறவைகள் நத்தை ஓட்டைத் தின்றுதான் பெற்றுவந்தன என்பதை, ஓடுகளை வெளியிலிருந்து கொடுத்துப் பார்த்து உறுதிசெய்த ஆய்வு 1994-இல் நேச்சர் இதழில் வந்தது. முட்டையிடும் கோழிக்குக் கிளிஞ்சல் தூள் வைக்கும் நம் வீட்டுப் பெரியவர்களுக்கு இது புதுச் செய்தியாக இராது.

மின்மினியின் புழுப்பருவம் நத்தைகளைப் பிடித்து, நஞ்சேற்றி அசைவிழக்கச் செய்து தின்று வளர்வது. 'சின்ன வயதில் பார்த்த மின்மினி இப்போது ஏன் இல்லை' என்று கேட்பவர்கள் தெருவிளக்கின் வெளிச்சத்தைக் குறை சொல்வது சரிதான். ஆனால் அந்தப் புழுவுக்குச் சருகடியில் இரை வேண்டும் என்பதையும் சேர்த்து எண்ண வேண்டும். செம்போத்து நத்தையைத் தேடித் தின்னும். அக்டோபரில் வடக்கிலிருந்து வந்து சேரும் ஆறுமணிக் குருவி, கிண்டியிலும் அடையாற்றுத் தோப்புகளிலும் சருகைப் புரட்டிப் புரட்டித்தான் இரை தேடுகிறது.

நான் முன்பு குடியிருந்த அடுக்ககத்தில் ஒவ்வொரு காலையும் சருகைக் கூட்டி, மதிலோரம் குவித்து எரித்துவந்தார்கள். நிறுத்தச் சொல்லி எழுதியதற்கு, 'பாம்பு வந்தால் நீங்கள் பொறுப்பா?' என்ற பதில் வந்தது. நடைபாதையிலும் வாசலிலும் சருகு கிடக்க வேண்டாம் என்பது நியாயமே; எரிப்பதற்குப் பதில் பின்புற மரத்தடியில் வட்டமாகப் பரப்பிவிட்டால், மண்ணின் ஈரமும் நிற்கும், உரமும் ஆகும் என்று இரண்டாம் முறை எழுதினேன். இரண்டு மரத்துக்கு மட்டும் அனுமதி கிடைத்தது. அடுத்த மழையில் அந்த இரண்டு வட்டத்துக்குள் குத்தூசி நத்தை வந்துவிட்டது. மூன்றாவது மரத்தடியில் வரவில்லை.

பிள்ளைகளுக்கு இதை எப்படிக் காட்டலாம்?

மழை விட்ட மறுநாள் காலை, வீட்டுத் தோட்டத்திலோ தெருவோர மரத்தடியிலோ அடிச்சருகை மூன்று நான்கு கைப்பிடி அள்ளி, அகலக் கண் சல்லடையில் போட்டு, கீழே ஒரு முறத்தில் வெள்ளைத்தாள் விரித்துச் சலியுங்கள். பெரிய இலைகள் மேலே தங்கிவிடும்; மண்ணும் குச்சியும் பொடியும் தாளில் விழும். உடனே எதையும் தேடாமல் ஐந்து நிமிடம் முறத்தை அசைக்காமல் வைத்திருக்க வேண்டும்; குழந்தைகளுக்கு இதுதான் கடினமான பகுதி. பிறகு பொடிக்குள்ளிருந்து ஒவ்வொன்றாக நகரத் தொடங்கும்: முதலில் எறும்பு, பிறகு மரவட்டை, கடைசியில் ஓடு சாய்த்து இழுத்துக்கொண்டு குத்தூசி நத்தை.

சில நாள் வைத்துப் பார்க்க விரும்பினால், அகன்ற வாயுள்ள கண்ணாடிப் புட்டியில் இரண்டு விரல் உயரத்துக்கு ஈரமண், அதன்மேல் மக்கிய இலை, பொடித்த முட்டை ஓடு ஒரு சிட்டிகை போட்டு, வாயை மெல்லிய துணியால் கட்டி நிழலில் வையுங்கள். குழாய்நீரில் குளோரின் வாடை இருந்தால் ஓரிரவு திறந்து வைத்த நீரைத் தெளியுங்கள். மண் ஈரமாக இருக்க வேண்டும், சேறாகக் கூடாது. இரண்டு வாரம் போதும். பிறகு எடுத்த இடத்திலேயே, எடுத்த மரத்தடியிலேயே, மாலைக்குப் பின் விட்டுவிடுங்கள். பகல் வெயிலில் விட்டால் எறும்பு முந்திக்கொள்ளும்.